குறும்பின் மறுபாதி

அலசல்

ஓடிக் களைத்த படவரிசைக்குத் தெம்பூட்ட ஒரு கைக்குழந்தையைக் களமிறக்குவது அனிமேஷன் உலகில் பழகிப்போன உத்தி. 2024 ஜூலையில் வந்த ‘டெஸ்பிகபிள் மீ 4’ தன் நாயகனான முன்னாள் வில்லன் க்ரூவுக்கு ஒரு மகனைக் கொடுத்தது. ஹைதராபாத்தின் கிரீன் கோல்ட் நிறுவனம் 2019 ஏப்ரலிலேயே வேறு வழியில் போனது. 2008 முதல் போகோ தொலைக்காட்சியில் ஓடி, 2012-ல் திரையரங்குக்கும் வந்த சோட்டா பீமின் வயதைக் குறைத்து, தவழும் பிள்ளையாக்கி ‘மைட்டி லிட்டில் பீம்’ என்று நெட்ஃபிளிக்ஸில் இறக்கியது. இரண்டு அறிமுகங்களையும் அருகருகே வைத்தால் நம் பிள்ளைக்கே என் ஓட்டு.

காரணம் எளிது. குறும்பில் பாதி ஆட்டம்தான் குழந்தையுடையது. மறுபாதி அதனால் வேலை கெட்டு நிற்பவருடையது. காஞ்சிபுரத்தை அடுத்த ஏனாத்தூரில் தறி வைத்திருக்கும் வீட்டில் பிள்ளை தவழத் தொடங்கிவிட்டால் இது புரியும். தறிக்காரர் பாவில் கண் பதித்திருப்பார், அம்மா தார் சுற்றிக்கொண்டிருப்பார். பிள்ளை ஓர் இழையை இழுத்தால் போதும், வீட்டின் வேலையே நின்றுவிடும். பிள்ளைத்தமிழ் பாடிய புலவர்களுக்கும் இந்தக் கணக்குத் தெரியும். சிற்றில் பருவத்தில் ஆண்பிள்ளை ஒரு வார்த்தை பேசுவதில்லை. மணல்வீட்டைச் சிதைக்காதே என்று கெஞ்சும் சிறுமிகளின் குரலில்தான் அவன் குறும்பு முழுதும் தெரிகிறது.

குட்டி பீமும் பேசுவதில்லை. தொடரிலேயே வசனம் கிடையாது. லட்டு வேண்டும், அவ்வளவுதான் அவன் கதை. நடுவில் பெரியவர்கள் ஏதோ வேலையாக இருப்பார்கள்; அதற்குள் புகுந்து கலைத்துவிட்டு அவன் தன் வழியில் போய்க்கொண்டே இருப்பான். கலைந்தவர்களின் முகத்தைக் காட்ட இயக்குநர் ராஜீவ் சிலகா நேரம் ஒதுக்குகிறார். சிரிப்பு அங்கேதான் வருகிறது. மொழி தேவைப்படாததால் உலகம் முழுக்க வீடுகளுக்குள் நுழையவும் முடிந்தது.

க்ரூவின் மகனுக்கு வாய்த்த எதிராளி இன்னும் அருமையானவர். உலகையே நடுங்கவைத்த அப்பா, மகன் ஒருமுறை சிரிக்கமாட்டானா என்று ஏங்குகிறார். மகனோ அம்மா லூசியிடம் ஒட்டிக்கொண்டு அப்பாவை முறைக்கிறான். இந்த ஒரு சரடு போதும், ஒரு படம் முழுக்கத் தாங்கும். ஆனால் திரைக்கதை க்ரூவின் கையாட்களான மெகா மினியன்கள், பக்கத்து வீட்டுப் பாப்பி, புதுப் பெயர்கள், புது ஊர் என்று பிரிந்து ஓடுகிறது. க்ரூவின் பழைய பள்ளியில் தேன்வளைக்கரடியைத் திருடப் போகும் காட்சியில் அப்பாவும் பிள்ளையும் ஒன்றாக மாட்டும்போது மட்டும் படம் நிமிர்கிறது. பிறகு வில்லன் மாக்சிம் குழந்தையைக் கடத்துகிறான். 2004-ல் ‘த இன்க்ரெடிபிள்ஸ்’ ஜாக்-ஜாக் என்ற கைக்குழந்தையை வைத்து ஆடிய அதே இறுதி ஆட்டம்.

அந்த ஜாக்-ஜாக்கை இயக்குநர் பிராட் பேர்ட் 14 ஆண்டுகள் கழித்து வந்த இரண்டாம் பாகத்தில் எப்படிப் பயன்படுத்தினார் என்று பாருங்கள். தொலைக்காட்சியில் முகமூடித் திருடனைப் பார்த்த குழந்தை, முற்றத்தில் குப்பையைக் கிளறும் ரக்கூனையும் திருடன் என்றே முடிவு செய்கிறது. ரக்கூனின் முகத்திலும் கறுப்பு முகமூடி இருக்கிறதே! குழந்தையின் நியாயத்தில் பிழையே இல்லை. அப்பா உறங்குகிறார், சண்டை நீள்கிறது, யாரும் குறுக்கே வந்து விளக்கம் சொல்வதில்லை.

க்ரூவின் மகன் க்ரூ ஜூனியர் அடுத்த பாகத்தில் வந்தால் அவனுக்கும் இப்படி ஒரு நீண்ட காட்சி வேண்டும், அப்பா ஒருவரை மட்டும் எதிரே வைத்து. குட்டி பீமை காஞ்சிபுரத்துத் திரையரங்கில், வசனமே இல்லாத முழுநீளப் படமாக, பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்க்க வேண்டும் என்பது என் ஆசை.