துளை, குளம், கிணறு: ஒரு சுற்றுலாப் பிரதியை வாசித்தல்

1

ஒருநாள் சுற்றுலாவின் நிகழ்ச்சி நிரல் ஒன்றை எடுத்துக்கொள்வோம். மெக்சிகோவின் யுகடான் தீபகற்பத்தில் அன்றாடம் நடப்பது. காலையில் ஆளுக்கொரு சைக்கிள் தருகிறார்கள். தலைக்கவசம் ஒன்று, மிதப்பு மேலாடை ஒன்று. வழிகாட்டி முன்னால் மிதித்துக்கொண்டு போகிறார், மற்றவர்கள் பின்னால். புதர்க்காட்டுப் பாதை திடீரென்று முடிகிற இடத்தில் தரை வாய்பிளந்து கிடக்கிறது. அடியில் நீலத் தண்ணீர். இறங்கி நீந்துகிறார்கள். மதியச் சாப்பாடு. பிறகு இன்னொரு குழி, இன்னொரு குளியல். சாயங்காலம் அறைக்குத் திரும்பிவிடலாம். அவ்வளவுதான்.

இந்த நிரல் இன்று தமிழிலும் புழங்குகிறது. நாளிதழ் இணைப்புகளில், பயணக் கட்டுரைகளில், காணொளிகளில். 'மனிதக் கைபடாத இயற்கை' என்கிற சொற்சேர்க்கை இல்லாமல் இவற்றில் ஒன்றுகூட நகர்வதில்லை. கைபடாத இடத்துக்கு எப்படிப் பாதை வந்தது, சைக்கிளை யார் துடைத்து வைத்தார்கள், படிக்கட்டை யார் கட்டினார்கள் என்று அந்தப் பிரதி சொல்லாது. சொல்லாமல் விடுவதன் மூலமாகத்தான் அது 'இயற்கை'யை உற்பத்தி செய்கிறது.

இதை ஆரம்பாக்கத்தில் உட்கார்ந்து வாசிக்க என்ன அவசியம் என்று கேட்கலாம். அவசியம் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை அதிகாலையில் இங்கே நெடுஞ்சாலை ஓரமாக நின்று பாருங்கள். சென்னையிலிருந்து தடா அருவிக்குப் போகிற கூட்டம் எல்லையைத் தாண்டிக்கொண்டிருக்கும். பைக்குகள், கார்கள், இறுக்கமான உடையில் விலையுயர்ந்த சைக்கிள்கள். தடாவுக்கு மேற்கே வரதையபாளையம் வழியாகப் போய் மலைமடுக்களில் குளித்துத் திரும்புகிற ஒருநாள் பயணம். அந்த அருவியின் உள்ளூர்ப் பெயர் உப்பலமடுகு. தெலுங்கின் மடுகும் தமிழின் மடுவும் ஒரே சொல்தான். நகரத்துக்காரர்களுக்கு அது அருவி. அங்கே இருப்பவர்களுக்கு அது மடு. அருவி பார்ப்பதற்கு உரியது. மடு ஆழம் தெரிந்து இறங்குவதற்கு உரியது.

அதே சாலையில் எதிர்த்திசையில் வேறொரு சைக்கிள் கூட்டமும் போகிறது. கும்மிடிப்பூண்டி சிப்காட்டின் இரும்பு உருட்டாலைகளுக்கு ஷிப்டு மாறப் போகிற பீகார், ஒடிசா தொழிலாளிகள். கேரியரில் சாப்பாட்டுத் தூக்கு. இவர்களை யாரும் 'சைக்கிள் பயணிகள்' என்று எழுதுவதில்லை.

2

சுண்ணாம்புக்கல் நிலத்தில் மழைநீர் பாறையைக் கரைத்துக்கொண்டே இறங்குகிறது. உள்ளே பொந்து விழுகிறது. பொந்து பெருத்து, ஒருநாள் அதன் கூரை இடிந்து உள்ளே விழுகிறது. அப்போது தரைக்கடியில் ஓடிக்கொண்டிருந்த தண்ணீர் வெளியே தெரிகிறது. நம் பாடப்புத்தகம் இதற்கு 'உறிஞ்சு துளை' என்று பெயர் வைத்திருக்கிறது. நிலத்தின் மேலே நின்று குனிந்து பார்க்கிறவனின் பெயர் அது. நீரை உள்ளே வாங்கிக்கொள்கிற ஓட்டை, அவ்வளவே.

சுற்றுலாக்காரர் அதையே குளம் என்கிறார். நீச்சல்குளம் என்பதன் சுருக்கம். மேலே உடல் மிதக்க அளவான நீர் இருந்தால் போதும், அது எங்கிருந்து வருகிறது, எங்கே போகிறது என்பது நிரலில் இல்லை.

மூன்றாவது பெயர் ஒன்றும் இருக்கிறது. அதைத் தேடி யுகடான் வரை போக வேண்டாம். யாழ்ப்பாணத்தில் புத்தூருக்கு அருகே நவக்கிரியில் நிலாவரை இருக்கிறது. ஆறில்லாத அந்தக் குடாநாடு முழுக்கச் சுண்ணாம்புக்கல் படுகைதான். அதில் இயற்கையாக இடிந்து திறந்த வாய் ஒன்று நிலாவரை. ஆழம் நூற்றைம்பது அடிக்கு மேல். ஊர்மக்கள் அதைத் துளை என்றும் சொல்லவில்லை, குளம் என்றும் சொல்லவில்லை. கிணறு என்றார்கள். சுற்றிக் கல் கட்டிப் படியும் வைத்தார்கள். வானரங்களின் தாகம் தீர்க்க இராமன் அம்பெய்து திறந்த ஊற்று என்று அதற்கொரு கதையும் வைத்தார்கள். கதை எதுவாக இருந்தாலும் அதன் மையத்தில் தாகம் இருப்பதைக் கவனிக்க வேண்டும். காட்சி இல்லை, குளியல் இல்லை. குடிப்பதற்கான நீர்.

'கிணறு' என்கிற வாசிப்புதான் அறிவியலோடும் ஒத்துப்போகிறது. குடாநாட்டில் கடல்நீரின்மேல் நன்னீர் ஒரு வில்லை மாதிரி மிதக்கிறது. கடல்மட்டத்துக்கு மேலே ஓரடி நன்னீர் நின்றால் கீழே ஏறத்தாழ நாற்பதடி நன்னீர் தாங்கி நிற்கும் என்பது கணக்கு. மேலே ஓரடி இறங்கினால் கீழேயிருந்து உப்பு நாற்பதடி ஏறும். நிலாவரையிலும் மேலே நல்ல தண்ணீர், ஆழத்தில் உப்புத் தண்ணீர். ஆக, அந்த வாயில் தெரிகிற நீர் அந்த வாயுடையது அல்ல. பக்கத்துத் தோட்டக் கிணற்று நீரும் அதுதான், அடுத்த ஊர்க் குடத்து நீரும் அதுதான். கூரை இல்லாத இடத்தில் மட்டும் எல்லாருடைய நீரும் கண்ணுக்குத் தெரிகிறது. சுற்றுலாப் பிரதி மறைப்பது இதைத்தான்: நீந்துகிறவன் தனக்கென்று ஒதுக்கப்பட்ட குளத்தில் நீந்தவில்லை, ஊராரின் குடிநீரில் நீந்துகிறான்.

3

சைக்கிளுக்கு வருவோம். சுற்றுலாவில் சைக்கிள் ஒரு குறி. மெதுவாகப் போதல், புகை இல்லாமை, உடம்புக்கு நல்லது, பூமிக்கு நல்லது. இந்த அர்த்தங்கள் சைக்கிளிலேயே ஒட்டிக்கொண்டு இருப்பவையா? கார் வைத்திருப்பவன் ஒருநாள் அதை விட்டுவிட்டு மிதிக்கும்போதுதான் சைக்கிள் 'நல்லது' ஆகிறது. வேறு வழியில்லாமல் மிதிப்பவனின் சைக்கிளுக்கு இந்த அர்த்தம் கிடையாது.

இன்று நிலாவரையும் யாழ்ப்பாணச் சுற்றுலாவில் ஒரு நிறுத்தம். ஆனால் அந்த மண்ணில் சைக்கிளுக்கு வேறு ஞாபகம் இருக்கிறது. 1990க்குப் பிறகு பொருளாதாரத் தடையின்போது பெட்ரோல் இல்லை. நோயாளி, விறகு, நெல்மூட்டை, சவம் எல்லாம் சைக்கிளில் போயின. 1995 அக்டோபர் இறுதியில் லட்சக்கணக்கான மக்கள் வலிகாமத்தை விட்டு வெளியேறியபோது சைக்கிளில் கட்டிக்கொள்ள முடிந்ததுதான் பலருடைய மொத்த வீடு. அந்தச் சாலையில் வாடகைச் சைக்கிள் ஓட்டுகிறவருக்கு இதை யார் சொல்வது? வழிகாட்டியின் வேலை சொல்வது மட்டுமில்லை, எதைச் சொல்லக்கூடாது என்று தெரிந்திருப்பதும்தான்.

இன்னொரு சைக்கிளும் நம் கைவசம் உண்டு. புதுக்கோட்டையில் 1991–92இல் அறிவொளி இயக்கத்தோடு சேர்ந்து பல்லாயிரம் பெண்கள் சைக்கிள் ஓட்டக் கற்றார்கள். கல்குவாரிப் பெண்களும், விவசாயக் கூலிப் பெண்களும். சைக்கிள் அங்கே உடற்பயிற்சி ஆகவில்லை. ஆண் துணையில்லாமல் ஊரைத் தாண்டுவதற்கான வழியாயிற்று. பின்னால் தண்ணீர்க் குடத்தைக் கட்டிக்கொண்டு, முன்னால் பிள்ளையை உட்காரவைத்துக்கொண்டு போன சைக்கிள் அது. வழிகாட்டி யாரும் முன்னால் போகவில்லை என்பதுதான் அதன் அரசியல்.

4

இங்கே நம் ஆட்களையும் விசாரிக்க வேண்டியிருக்கிறது. சுற்றுலாவை எதிர்க்கிற நம் சூழலியல் எழுத்து அதற்கு மாற்றாக எதை வைக்கிறது? திணை, ஐந்நிலம், ஊருணி, 'எல்லோருக்கும் பொதுவாக இருந்த நீர்'. வணிகம் வந்து கெடுத்தது, அதற்கு முன்னால் எல்லாம் சரியாக இருந்தது என்கிற கதையாடல். மனிதக் கைபடாத இயற்கை என்று சுற்றுலாப் பிரதி சொன்னால், சாதிக் கைபடாத பொதுக்கிணறு என்று இது சொல்கிறது. இரண்டும் ஒரே துடைப்பத்தால் பெருக்கிய முற்றங்கள்தாம்.

யாழ்ப்பாணத்துக் கிணறு யாருக்குப் பொது? கே. டானியல் 'தண்ணீர்' என்று ஒரு நாவலே எழுத வேண்டியிருந்தது. வேளாளர் கிணற்றில் பஞ்சமர் அள்ளக்கூடாது. அவர்கள் ஊற்றுகிற வரை குடத்தோடு காத்து நிற்க வேண்டும். நிலத்தடியில் ஒரே வில்லையாக மிதக்கிற நீர் தரைக்கு மேலே வந்ததும் சாதியாகப் பிரிந்துவிடுகிறது. பாறைக்குத் தெரியாத வேலி கயிற்றுக்கும் வாளிக்கும் தெரிகிறது.

கீரிமலையைப் பாருங்கள். கடலோரத்தில் நன்னீர் ஊறுகிற கேணி. சுண்ணாம்புப் பாறையின் இன்னொரு வாய். குதிரை முகத்தோடு வந்த இளவரசி அதில் நீராடி மனித முகம் பெற்றாள், அதனால் பக்கத்து ஊர் மாவிட்டபுரம் ஆயிற்று என்பது ஐதீகம். அதே மாவிட்டபுரத்தில் 1968இல் தாழ்த்தப்பட்டோர் கோயிலுக்குள் நுழையப் போராடியபோது வாசலில் தடுக்கப்பட்டார்கள். குதிரை முகத்தைப் போக்க வல்ல தீர்த்தத்துக்குத் தீட்டைப் போக்கும் சக்தி இல்லை. ஏனென்றால் தீட்டு குளிப்பவர் உடம்பில் இல்லை, விலக்குகிறவர் பார்வையில் இருக்கிறது.

1927இல் மகாட்டில் அம்பேத்கரும் தோழர்களும் சவ்தார் குளத்து நீரைக் கையில் அள்ளிக் குடித்தார்கள். பிறகு சாதி இந்துக்கள் அந்தக் குளத்தைச் சாணமும் கோமியமும் கலந்து 'சுத்தம்' செய்தார்கள். 2022 டிசம்பரில் வேங்கைவயலில் தலித் மக்களின் குடிநீர்த் தொட்டியில் மலம் கலந்து கிடந்தது. பெண்கள் சைக்கிள் கற்ற அதே புதுக்கோட்டை மாவட்டம். இந்த இரண்டு நிகழ்ச்சிகளுக்கும் நடுவில் கிடக்கிற 95 வருஷத்தை எந்தத் திணைக் கோட்பாட்டால் விளக்குவது?

ஆகவே நீச்சல் என்பது சும்மா பொழுதுபோக்கு இல்லை. முழு உடம்பையும் நீருக்குள் இறக்குவது. குடத்தால் அள்ளுவதையே தடுத்த சமூகத்தில் உடம்பு இறங்குவது என்றால் என்ன என்று யோசியுங்கள். ஊர்க் கிணற்றில் குதித்து நீச்சல் பழகிய பால்யத்தை எழுதாத தமிழ் எழுத்தாளர் குறைவு. எந்தத் தெருக் கிணறு, யாருடைய தோட்டம் என்று அந்த நினைவுகளைத் திரும்ப வாசித்தால் தமிழ் நவீன எழுத்தின் சாதி வரைபடம் ஒன்று கிடைக்கும்.

எங்கள் திருவள்ளூர் மாவட்டத்தில் வேறொரு வகைக் குழியும் உண்டு. ஏரியில் சவுடு மண் எடுத்துவிட்டு அப்படியே விட்டுப்போன பள்ளம். மழை பெய்ததும் அது நிரம்பிவிடும். பார்க்க ஏரிதான். கரை சரிந்து இறங்காது, செங்குத்தாக வெட்டி நிற்கும். குளிக்கப்போன பிள்ளைகள் மூழ்கிப்போனார்கள் என்பது இங்கே பழகிப்போன பத்திரிகைச் செய்தி. மேல்சட்டையும் வழிகாட்டியும் இல்லாத நீச்சல். அந்தப் பள்ளத்தை யாரும் 'இயற்கை' என்று விற்பதில்லை, 'விபத்து' என்று முடித்துவிடுகிறார்கள். இயற்கை, விபத்து என்ற இரண்டு சொற்களும் செய்வது ஒரே வேலை. தோண்டிய கையை மறைப்பது.

5

அப்படியானால் சுற்றுலாவை மூட்டை கட்டிவிடலாமா? அவ்வளவு சுலபமில்லை. யுகடானிலேயே ஹோமுன் என்று ஒரு மாயா ஊர். அங்கே சுமார் 49,000 பன்றிகளை வளர்க்கிற பண்ணை வந்தது. கழிவு இறங்கினால் பாறைக்கடியில் எல்லா நீரும் கெட்டுப்போகும். மாயாக் குழந்தைகளின் பெயரில் வழக்குப் போட்டார்கள். 2018இல் பண்ணை நிறுத்தி வைக்கப்பட்டது. அந்த ஊர்க்காரர்கள் பலருக்குப் பிழைப்பே அந்தக் குழிகளுக்குச் சுற்றுலாப் பயணிகளைக் கூட்டிப்போவதுதான். 'குளம்' என்று வந்தவர்களுக்கு அதைக் காட்டிக்கொண்டே, தங்களுக்குள் 'கிணறு' என்று தெரிந்துவைத்திருந்தார்கள். அந்தத் தெரிதல்தான் வழக்காக மாறியது. யார் வழிகாட்டி என்பது இங்கே முழுக்க வேறு கேள்வியாகிவிடுகிறது.

குடாநாட்டில் இதன் மறுபக்கம் நடந்தது. சுன்னாகம் மின்நிலையத்து எண்ணெய்க் கழிவு சுற்றுவட்டாரக் கிணறுகளில் இறங்கியிருந்தது. 2019 ஏப்ரலில் இலங்கை உச்சநீதிமன்றம் மின்நிலையத்தை நடத்திய நிறுவனம் 2 கோடி ரூபாய் இழப்பீடு தர வேண்டுமென்று தீர்ப்பளித்தது. 2021 ஜனவரியில் தொல்லியல் திணைக்களம் நிலாவரையில் தோண்டத் தொடங்கியபோது ஊர்மக்கள் திரண்டு எதிர்த்தார்கள். பௌத்த அடையாளம் ஒன்று அங்கே கண்டெடுக்கப்பட்டுவிடும் என்ற அச்சம். இராமன் அம்பா, பௌத்தச் சின்னமா என்று கிணற்றடியில் இரண்டு தொன்மங்கள் மோதத் தொடங்கிவிட்டால் தண்ணீர் என்கிற பேச்சு காணாமல் போகும். 'பாரம்பரியம்' என்பது துளைக்கு வைக்கப்படுகிற நான்காவது பெயர். எல்லாவற்றிலும் ஆபத்தானதும் அதுதான். ஏனென்றால் அதற்குச் சொந்தக்காரன் உடனே வந்துவிடுகிறான்.

கும்மிடிப்பூண்டியில் பெரிய ஈழ அகதி முகாம் இருக்கிறது. 2021இல் அரசு அதற்கு 'மறுவாழ்வு முகாம்' என்று பெயர் மாற்றியது. பெயர் மாறினாலும் குடியுரிமை வரவில்லை. வற்றாத கிணறுகளின் நாட்டிலிருந்து வந்தவர்களின் பிள்ளைகள், இந்த முகாமிலேயே பிறந்தவர்கள், தொழிற்பேட்டையின் ஓரத்தில் வளர்கிறார்கள். பேட்டை ஆழ்துளை போட்டு உறிஞ்சுகிற அதே நிலத்தடி நீரைத்தான் இந்த வட்டாரமும் நம்பியிருக்கிறது. இங்கே சுண்ணாம்புப் பாறை இல்லை, வண்டலும் மணலும்தான். ஆகவே கூரை இடிந்து நீர் தன்னைக் காட்டிக்கொள்ளாது. கண்ணுக்குத் தெரியாத நீருக்குச் சுற்றுலா கிடையாது, வழிகாட்டி கிடையாது. அதன் நிறம் மாறினால் படம் பிடிக்கவும் ஆள் கிடையாது.

நமக்கு வேண்டியது கைபடாத நீர் அல்ல. எல்லாக் கையும் படுகிற நீர். அதை எழுதுவதற்கு முதலில் ஒரு சொல்லைத் தேர்ந்தாக வேண்டும். துளை என்றால் பொறியாளரிடம் போய்விடும். குளம் என்றால் டிக்கெட் கொடுக்கிறவனிடம். பாரம்பரியம் என்றால் காவிக்கோ, வேறு எந்த வேட்டிக்கோ. கிணறு என்ற சொல் மட்டும்தான் 'யாருடைய கிணறு?' என்கிற கேள்வியைத் தன்கூடவே இழுத்துக்கொண்டு வருகிறது. டானியல் கேட்ட கேள்வி அது. குடத்தோடு காத்து நின்றவர்களின் பக்கமிருந்து கேட்டது. சுற்றுலாவை விமர்சிப்பதானாலும் சரி, ஆலையை எதிர்ப்பதானாலும் சரி, அந்தக் கேள்வியைத் தாண்டிக்கொண்டு போகிற எந்தச் சூழலியலும் இன்னொரு ஒருநாள் பயணம்தான்.