நித்தியத்தின் முடிவு: காலத்தைத் திருத்தும் தொழிலும் அதன் அறமும்

ஐசாக் அசிமோவின் ‘தி எண்ட் ஆஃப் எடர்னிட்டி’ 1955இல் டபுள்டே பதிப்பகம் வெளியிட்ட அறிவியல் புனைகதை நாவல். முதலில் குறுநாவலாக எழுதப்பட்டு, ‘கேலக்ஸி’ இதழின் ஆசிரியர் ஹொரேஸ் கோல்டால் நிராகரிக்கப்பட்டு, பின்னர் நாவலாக விரிந்தது. காலப்பயணக் கதைகளில் பெரும்பாலானவை கடந்த காலத்துக்குச் சென்று சிக்கிக்கொள்ளும் தனிமனிதரைப் பற்றியவை. அசிமோவ் காலத்தைத் திருத்துவதை ஓர் அலுவலகப் பணியாகவே படைத்தார். அதற்குப் பயிற்சி, பதவி வரிசை, அறிக்கை, மேலதிகாரி எல்லாம் உண்டு.

கதையின்படி, 27ஆம் நூற்றாண்டில் தொடங்கும் ‘நித்தியம்’ என்ற அமைப்பு காலத்துக்கு வெளியே இயங்குகிறது. நூற்றாண்டுகளுக்கு இடையே வணிகம் நடத்துவது அதன் வெளித்தோற்றம். போர், பஞ்சம், ஆபத்தான கண்டுபிடிப்பு ஆகியவை நிகழாதபடி வரலாற்றைத் திருத்துவதே அதன் உண்மையான வேலை. நோக்கர்கள் ஒரு நூற்றாண்டின் நிலையைப் பதிவு செய்கிறார்கள். கம்ப்யூட்டர்கள் (நாவலில் இது மனிதர் வகிக்கும் பதவியின் பெயர்) எந்த மாற்றம் வேண்டும் என்று கணக்கிடுகிறார்கள். டெக்னீஷியன் காலத்துக்குள் இறங்கி அதைச் செய்கிறார். விரும்பிய பலனைத் தரக்கூடிய மிகச் சிறிய செயலைக் கண்டுபிடிப்பதில்தான் தொழிலின் நுட்பம் இருக்கிறது. நாயகன் ஆண்ட்ரூ ஹார்லன் 223ஆம் நூற்றாண்டில் ஓர் இயந்திரத்தில் சிறிது கைவைக்கிறான். அதனால் ஓர் இளைஞன் ஒரு விரிவுரைக்குப் போக முடிவதில்லை. ஒரு கண்டுபிடிப்பு பத்தாண்டு தள்ளிப்போகிறது. அடுத்த நூற்றாண்டில் நடக்கவிருந்த போர் நடக்காமலே போகிறது.

இதில் என்ன குற்றம் என்று வாசகர் முதலில் கேட்கத் தோன்றும். போர் தவிர்க்கப்பட்டது நல்லதுதானே? நாவலின் வலிமை இந்த இடத்தில்தான் இருக்கிறது. மாற்றத்துக்குப் பிறகு கோடிக்கணக்கானோர் வேறு மனிதர்கள் ஆகிறார்கள். சிலர் பிறக்காமலே போகிறார்கள். யாரும் சாகவில்லை, யாருக்கும் வலிக்கவில்லை, இழந்தது என்ன என்று நினைவுகூரவும் ஆள் இல்லை. புகார் சொல்ல ஒருவர்கூட மிஞ்சாத தீங்கைத் தீங்கு என்று எப்படி நிறுவுவது? அசிமோவ் இதை வாதமாக வைக்காமல் ஒரு பெண்ணின் பெயரில் வைக்கிறார். 482ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த நோயிஸ் லாம்பென்ட்டை ஹார்லன் காதலிக்கிறான். வரவிருக்கும் மாற்றத்துக்குப் பின் அவளுக்கு இணையானவள் இருப்பாளா என்று கணக்கிடச் சொல்கிறான். இருக்கமாட்டாள் என்று விடை வருகிறது. அதுவரை பல மாற்றங்களைச் சலனமின்றிச் செய்தவன், அப்போதுதான் விதிகளை மீறுகிறான். அவனது அறவுணர்வு தன்னலத்திலிருந்தே பிறக்கிறது என்பதை நாவல் மறைக்கவில்லை.

பாவத்தைப் பங்கிடும் முறையும் கவனிக்கத்தக்கது. கணக்கிட்டவரும் ஒப்புதல் தந்தவரும் மதிக்கப்படுகிறார்கள். கையால் செய்த டெக்னீஷியனுடன் மட்டும் சக ஊழியர்கள் பேசத் தயங்குகிறார்கள். தீர்ப்பு எழுதிய நீதிபதிக்கு வணக்கம் சொல்லிவிட்டு, தூக்குக் கயிற்றை இழுத்தவரைத் தெருவில் ஒதுக்குவது போன்றது இது. ‘விரும்பிய பலன்’ என்ற சொல்லில் விரும்புபவர் யார் என்று அந்த அமைப்பில் யாரும் கேட்பதில்லை. விண்வெளிப் பயணம் தோன்றும்போதெல்லாம் அதை வீண் என்று நீக்கிவிடுகிறார்கள். பாதுகாப்பை மட்டுமே அளந்து தேர்ந்தெடுத்ததன் விளைவாக, மனித இனம் விண்மீன்களை எட்டும் முன் மற்ற இனங்கள் அங்கே குடியேறிவிடுகின்றன. வழியடைந்த மனித இனம் பூமியிலேயே தேய்ந்து அழிகிறது.

குறைகளும் உண்டு. பெண்ணைக் காலத்திலிருந்து பிரித்தெடுத்தால் வரலாறு அதிகம் குலையும் என்று காரணம் சொல்லி, நித்தியத்தை ஏறக்குறைய முழுக்க ஆண்களின் உலகமாக ஆக்குகிறார் அசிமோவ். நோயிஸ் முக்கால்வாசி நாவலில் ஹார்லனின் ஆசைக்குரிய உருவமாகவே வருகிறாள். இறுதியில்தான் அவள் மிகத் தொலைவான நூற்றாண்டிலிருந்து நித்தியத்தை ஒழிக்க வந்தவள் என்பது தெரிகிறது. கதையை நகர்த்தியவளே அவள் என்றாலும், அவளது மனத்துக்குள் நாவல் ஒருமுறைகூட நுழைவதில்லை. இது பெரிய இழப்பு.

மிகவும் சர்ச்சைக்குரியது முடிவுதான். பழைய ‘டைம்’ இதழ்த் தொகுதியில் கண்ட ஒரு படம் அணுகுண்டின் காளான் மேகம் போலத் தோன்றியதே அசிமோவுக்கு இக்கதையின் வித்து. அது உண்மையில் ஒரு வெந்நீர் ஊற்றின் படம். நாவலின் இறுதிக் காட்சியும் 1932இல் நிகழ்கிறது. இத்தாலிக்கு ஒரு கடிதம் அனுப்பி யுரேனிய ஆய்வைத் தூண்ட வேண்டும் என்பது நோயிஸின் திட்டம். அதனால் அணுகுண்டு 1945லேயே வெடிக்கும், நித்தியம் தோன்றாது, விண்வெளிக்கு வழி திறக்கும். ஒரு கடிதம், ஒரு பெரும் விளைவு: இது நித்தியத்தின் அதே தொழில்முறை. காலத்தைத் திருத்துவது தவறு என்பவள், கடைசியாக ஒருமுறை திருத்துகிறாள். அழிந்த நகரங்களின் கணக்கை விண்மீன்களின் கணக்கில் கழித்துவிடுகிறாள்.

ஹிரோஷிமா நடந்து பத்தே ஆண்டுகளில் எழுதப்பட்ட நாவல் அந்த நகரத்துக்காக ஒரு பக்கம்கூட நிற்காதது உறுத்துகிறது. ஆனால் அசிமோவ் ஓர் இடத்தில் மிக நுட்பமாக இருக்கிறார். ஹார்லன் ஆயுதத்துடன் நோயிஸின் எதிரே நிற்கிறான். அவளைக் கொன்றால் நித்தியம் நீடிக்கும். அவன் சுடவில்லை. அந்தத் தயக்கத்திலேயே அவர்களை ஏற்றிவந்த கலம் மறைந்துவிடுகிறது. கடிதம் எழுதப்படவே இல்லை. அதற்குள் எல்லாம் மாறிவிட்டது.