சென்றடையாச் சொல்: அலெக்சாண்டர் ஜேக்கப்ஸின் திரைக்கதைகள்

பிரித்தானியத் திரைக்கதையாசிரியர் அலெக்சாண்டர் ஜேக்கப்ஸின் பெயர், திரைப்பட ஆய்வுகளில் 'பாயிண்ட் பிளாங்க்' (1967) குறித்த அடிக்குறிப்பாகவே பெரும்பாலும் இடம்பெறுகிறது. அப்படத்தை இயக்குநர் ஜான் பூர்மனுக்கும் நடிகர் லீ மார்வினுக்கும் உரியதாகக் கொள்வதே மரபு. திரைக்கதைக்கான பெயர்ப்பட்டியலிலும் நியூஹவுஸ் இருவர் ஜேக்கப்ஸுடன் உள்ளனர். எனினும், அவர் பங்களித்த குற்றப்படங்களையும் சண்டைப்படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்கையில் ஒரு சூழல் மீள மீள வருகிறது: ஒருவன் பேசுவது எதிரிலிருப்பவரைச் சென்றடைவதில்லை.

வாக்கர் கேட்பது தனக்குரிய 93,000 டாலர் மட்டுமே. அவன் மோதும் குற்ற அமைப்போ காசோலையும் கணக்கேடுமாக இயங்கும் நிறுவனமாகிவிட்டது. ரொக்கமாகக் கேட்பவனின் கோரிக்கை அங்கு எவருக்கும் விளங்குவதில்லை. 'ஹெல் இன் த பசிபிக்' (1968) படத்தில் தனித்தீவில் சிக்கிய அமெரிக்கருக்கும் ஜப்பானியருக்கும் பொதுமொழியே இல்லை. 'பிரெஞ்சு கனெக்‌ஷன் 2' (1975) படத்திலோ நியூயார்க் காவலர் டாயில், மார்செய் நகர மதுக்கடையில் ஒரு குவளை விஸ்கி கேட்கவே திண்டாடுகிறார். ஹெராயினிலிருந்து மீளும் வேதனையில் அவர் பேஸ்பால் பற்றிப் புலம்புகிறார். கேட்டுக்கொண்டிருக்கும் பிரெஞ்சு அதிகாரிக்கு அவ்விளையாட்டு புரிவதில்லை. படத்தின் ஆகச் சிறந்த காட்சி இதுவே என்பது என் கருத்து.

இங்கு ஒரு தடை எழும். வாக்கரின் மனைவி, கேட்கப்படாத கேள்விகளுக்கு விடை சொல்லும் புகழ்பெற்ற காட்சியில் கேள்விகளைச் சொல்லாமல் விட்டவர் மார்வின் என்று பூர்மன் கூறியுள்ளார். டாயிலின் உரையாடலிலும் பெயர் குறிக்கப்படாத பீட் ஹாமிலின் கை உண்டு. ஆகவே வசனத்தையோ மௌனத்தையோ ஜேக்கப்ஸுக்கே உரியதெனச் சாதிக்க இயலாது. சூழலமைப்பை மட்டுமே சுட்டலாம். அவர் பெயர் தனித்து வரும் 'சிட்டிங் டார்கெட்' (1972), சிறையிலிருந்து தப்பியவனின் வழக்கமான பழிவாங்கல் கதை. துரத்தல் காட்சிக்காக நினைவுகூரப்படும் 'த செவன்-அப்ஸ்' (1973) படத்தையும் இவ்வாசிப்புக்குள் வலிந்து புகுத்த வேண்டியதில்லை.

திரைக்கு வெளியே வேறொரு சான்று உண்டு. 'பாயிண்ட் பிளாங்க்' திரைக்கதைப் படியை வாசித்ததே தம் எழுத்துமுறையை மாற்றியது என இயக்குநர் வால்டர் ஹில் வெளிப்படையாகக் கூறியுள்ளார். 'ஹார்ட் டைம்ஸ்' (1975) முதலானவற்றுக்கு அவர் எழுதிய, ஓரிரு சொல்லில் முறியும் வரிகள் அவ்வாசிப்பின் விளைவு. திரையரங்கப் பார்வையாளருக்குத் தெரியவே வாய்ப்பில்லாத செல்வாக்கு இது.

'ஆன் எனிமி ஆஃப் த பீப்பிள்' (1978) அவரது பட்டியலில் ஒட்டாததுபோல் தோன்றும். இப்சனின் நாடகத்தை ஆர்தர் மில்லர் தழுவியதன் திரைவடிவம் அது. ஆனால் நீரூற்று மாசடைந்ததைச் சொல்ல முயலும் மருத்துவர் ஸ்டாக்மனை, ஊர்க்கூட்டம் பேசவிடாமல் தடுப்பதே அதன் மையம். சண்டைப்பட நாயகரான ஸ்டீவ் மெக்வீன் அதில் தாடியோடும் மூக்குக்கண்ணாடியோடும் பேசிக்கொண்டே இருக்கிறார். அவரிடம் துப்பாக்கி இல்லை. படம் மிகச் சில அரங்குகளிலேயே வெளியானது.