விரலைத் தூக்கு, வண்டி ஏறும்

ஹில் கிளைம்ப் ரேசிங்கைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் என்னை நிறுத்துவது கஷ்டம். பேருந்து வரும்வரை பொழுதுபோக்க ஆடுகிற சின்ன விளையாட்டு என்று பலர் அதை ஒதுக்கிவிடுகிறார்கள். எனக்கு மனசு தாங்காது. இவ்வளவு எளிதாகத் தொடங்கி, இவ்வளவு ஆழத்துக்கு ஆளை இழுத்துப் போகிற இன்னொரு விளையாட்டைக் கைப்பேசியில் நான் கண்டதில்லை. திரையின் இடது மூலையில் பிரேக், வலது மூலையில் ஆக்சிலரேட்டர், அவ்வளவுதான். ஸ்டியரிங் கிடையாது, கியர் கிடையாது, துரத்தி வருகிற எதிரி கிடையாது. மேடும் பள்ளமுமாக ஒரு பாதை, அதன்மேல் ஒரு சிவப்பு ஜீப், ஜீப்புக்குள் தொப்பி போட்ட நியூட்டன் பில். அந்த இரண்டு பெடல்களையும் எப்போது தொடுவது, எப்போது விடுவது என்பதற்குள்தான் மொத்த வித்தையும் இருக்கிறது.

ஆட்டம் முடிவதற்கும் இரண்டே வழி. பெட்ரோல் தீர வேண்டும், இல்லாவிட்டால் வண்டி கவிழ்ந்து பில்லின் தலை தரையில் மோத வேண்டும். மோதும்போது கழுத்து ஒடிகிற சத்தம் ஒன்று வரும் பாருங்கள், ஆடியவர் யாருக்கும் அது மறக்காது. வண்டி எப்படிக் கிடக்கிறதோ அதை அப்படியே படம் பிடித்து, எத்தனை மீட்டர் வந்தோம், எவ்வளவு காசு சேர்ந்தது என்று காட்டிவிடும். அடுத்த நொடியே விரல் மறுபடி ஆக்சிலரேட்டரைத் தேடும்.

நோக்கியா கைப்பேசியில் பாம்பு விளையாட்டு ஆடி வளர்ந்தவன் நான். 2006இலிருந்து அந்தக் கைப்பேசிகள் ஸ்ரீபெரும்புதூரிலேயே தயாராகிக்கொண்டிருந்தன. அதே நோக்கியாவின் பொறியாளர்கள் பெருங்கூட்டமாக வேலை பார்த்த ஊர்களில் ஒன்று பின்லாந்தின் ஓவுலு. வடக்கே 65ஆம் அட்சரேகையில், கடலோரம் இருக்கிறது. அங்கே டோனி ஃபிங்கர்ரூஸ் என்பவர் 2012இல் ஃபிங்கர்சாஃப்ட் நிறுவனத்தைத் தொடங்கி, அந்த ஆண்டு செப்டம்பரிலேயே இந்த விளையாட்டை வெளியிட்டார். முதல் பதிப்பு பெரும்பாலும் அந்த ஒரே மனிதரின் கைவேலை. 2016இல் இரண்டாம் பாகமும் வந்தது. இரண்டும் சேர்ந்து நூறு கோடி முறைக்கும் மேல் பதிவிறக்கம் ஆகியிருக்கின்றன. இணையம் இல்லாமலே ஓடும் என்பதால் சிக்னல் கிடைக்காத ஊரிலும் பில் மலை ஏறிக்கொண்டுதான் இருக்கிறார்.

என் ஆட்டத்தையே புரட்டிப் போட்டவன் அக்கா மகன். ஒரு முழுப்பரீட்சை லீவில் வீட்டுக்கு வந்தவன், என் தோளுக்குப் பின்னால் நின்று கொஞ்ச நேரம் பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தான். அப்புறம், "மாமா, ஏறும்போது எதுக்கு அமுக்கிட்டே இருக்கீங்க? விட்டு விட்டு அமுக்குங்க. முன்சக்கரம் தரையைத் தொட்டுட்டே இருக்கணும் மாமா" என்றான். பத்து வயதுப் பையன்! பாடப் புத்தகத்தில் அவன் இன்னும் திருப்புவிசைப் பக்கத்துக்கே வரவில்லை. அவன் விரலுக்கு அது தெரிந்திருந்தது.

அவன் சொன்னதில் எவ்வளவு விஷயம் இருக்கிறது என்று யோசித்துப் பார்க்கப் பார்க்க எனக்குப் பிரமிப்பாக இருந்தது. எஞ்சின் சக்கரத்தை ஒரு பக்கம் திருப்பினால், சக்கரம் வண்டியின் உடலை எதிர்ப்பக்கம் திருப்பப் பார்க்கும். நியூட்டனின் மூன்றாம் விதி. ஓட்டுநருக்கு அந்தப் பெயரையே வைத்திருக்கிறார்கள். சமதரையில் இந்தத் திருப்பம் கண்ணில் படாது. செங்குத்தான ஏற்றத்தில் வண்டியின் எடையில் பெரும்பகுதி பின்சக்கரத்தின் பக்கம் சாய்ந்து நிற்கும். முன்பக்கத்தைக் கீழே பிடித்துவைக்க மிச்சமிருக்கும் பாரம் ரொம்பக் குறைவு. அந்த நேரம் பார்த்து ஆக்சிலரேட்டரை அழுத்தினால் மூக்கு மேலே எழும்பும், இன்னும் அழுத்தினால் அப்படியே மல்லாக்கப் போய்விழும். எஞ்சின் எவ்வளவு பலமோ அவ்வளவு வேகமாக விழும். ஆகவே ஏற்றத்தை முடிவு செய்வது ஏற்றத்துக்கு முன்னால் வரும் இறக்கம்தான். பள்ளத்தில் இறங்கும்போது வேகத்தைச் சேர்த்துக்கொள்ள வேண்டும், ஏற்றத்தின் பாதியில் விரலைத் தளர்த்த வேண்டும், உச்சி நெருங்கும்போது சின்னச் சின்னத் தட்டல்கள் போதும். மூக்கு எழும்பினால் விரலைத் தூக்கு, உட்கார்ந்ததும் மறுபடி தொடு. கண்ணால் முன்சக்கரத்தைப் பார், தூரத்தைக் காட்டும் எண்ணைப் பார்க்காதே. எத்தனை மலைகள் இந்த ஒரு பழக்கத்தால் எனக்கு வழிவிட்டிருக்கின்றன!

உச்சியைத் தாண்டியதும் வண்டி காற்றில் எழும்பும். இந்த விளையாட்டுக்கு நான் அடிமையானது அந்த இடத்தில்தான். நிலத்தில் ஓட்டவும் நிறுத்தவும் இருந்த அதே இரண்டு பெடல்களும் காற்றில் வேறு வேலை செய்யத் தொடங்கிவிடும். ஆக்சிலரேட்டரை அழுத்தினால் மூக்கு மேலே போகும், பிரேக்கை அழுத்தினால் கீழே வரும். முதலில் பார்ப்பவருக்கு இது ஏதோ விளையாட்டுக்காக வைத்த மந்திரம் என்றுதான் தோன்றும். இல்லவே இல்லை, அசல் இயற்பியல். அந்தரத்தில் இருக்கும் வண்டியை வெளியிலிருந்து பிடித்துத் திருப்ப எதுவும் கிடையாது. அதனால் வண்டியும் சக்கரங்களும் சேர்ந்த மொத்தச் சுழற்சி மாறாமல் இருந்தாக வேண்டும். சக்கரங்கள் கடிகார முள்ளின் திசையில் இன்னும் வேகமாகச் சுழன்றால், அதை ஈடுகட்ட உடல் எதிர்த்திசையில் திரும்பும், மூக்கு எழும்பும். பிரேக் பிடித்துச் சக்கரத்தை நிறுத்தினால் அதிலிருந்த சுழற்சி உடலுக்கு வந்து சேரும், மூக்கு தாழும். மோட்டோகிராஸ் பந்தயக்காரர்கள் நிஜ பைக்கில் காற்றில் பறக்கும்போது செய்வதும் இதைத்தான். முன்பக்கம் ரொம்ப எழும்பிவிட்டால் பின் பிரேக்கைத் தட்டுவார்கள். குப்புறச் சாய்ந்தால் ஆக்சிலரேட்டரைத் திருகுவார்கள். நிஜத்தில் அந்த விளைவு கொஞ்சம்தான். ஃபிங்கர்ரூஸ் அதைத் தாராளமாக்கி, முழுப் பல்டியே அடிக்கும் அளவுக்குக் கொடுத்திருக்கிறார். பல்டிக்குத் தனிக் காசு, அந்தரத்தில் இருக்கும் நேரத்துக்கும் தனிக் காசு. இவ்வளவு பெரிய விதியை இரண்டு பெடலுக்குள் அடக்கி, விளக்கமே சொல்லாமல் நம் கையில் கொடுத்துவிட்டுப் போன மனிதரை நான் மனதாரக் கும்பிடுகிறேன்.

பறப்பது சுகம் என்றால் இறங்குவது கலை. ஒரு பெரிய தாவலுக்கு அப்புறம் வண்டி எந்தச் சரிவில் விழப்போகிறது என்பதைக் காற்றிலேயே கணித்துவிட வேண்டும். இறங்கும் சரிவுக்கு இணையாக வண்டியைச் சாய்த்து வைத்தால் இரண்டு சக்கரமும் ஒன்றாகத் தரை தொடும், வேகம் கொஞ்சமும் சிதறாமல் அப்படியே முன்னே வழியும். அந்த மாதிரி ஒரு இறக்கம் சரியாக அமைந்தால் வேறு எதுவும் வேண்டாம், அன்றைய நாள் எனக்கு நல்ல நாள். எதிர் ஏற்றத்தில் மூக்கு குத்தினால் வேகம் செத்துவிடும். பின்சக்கரம் மட்டும் முதலில் பட்டு, விரலும் ஆக்சிலரேட்டரிலேயே இருந்தால் வண்டி மல்லாந்துவிடும். சுழற்சியைத் தொடங்குவதைவிட அதை உரிய நேரத்தில் நிறுத்துவதுதான் கடினம். மூக்கு தாழ வேண்டும் என்று பிரேக்கை அழுத்தினால், வேண்டிய கோணம் வருவதற்குக் கொஞ்சம் முன்பே ஆக்சிலரேட்டரை ஒரு தட்டு தட்டி நிலைநிறுத்த வேண்டும். கோணம் வந்த பிறகு தட்டினால் தாமதம். அந்த 'கொஞ்சம் முன்பே' எவ்வளவு என்பதை யாரும் சொல்லித்தர முடியாது. ஆட ஆட விரலில் தானாக வந்து உட்காரும். உட்கார்ந்த பிறகு நாம் யோசிப்பதே இல்லை என்பதுதான் எனக்கு இன்றும் தீராத ஆச்சரியம்.

நிதானம் நிதானம் என்று இவ்வளவு பேசுகிறேனே, பின்னால் பெட்ரோல் விரட்டிக்கொண்டிருப்பதையும் சொல்ல வேண்டும். ஆக்சிலரேட்டரைத் தொடாமல் நின்றாலும் பெட்ரோல் குறைந்துகொண்டேதான் இருக்கும். வழியில் சிவப்பு கேன்கள் வரும், போகப் போக அவற்றுக்கிடையே தூரம் கூடிக்கொண்டே போகும். ஆக, ஏற்றத்தில் பொறுமையாகச் செலவழித்த நொடிகளை இறக்கத்தில் மீட்டாக வேண்டும். பாதை ஒவ்வொரு முறையும் அதே பாதைதான் என்பது பெரிய உதவி. எந்த மேட்டுக்குப் பின்னால் பள்ளம், எங்கே முழு வேகம் தாங்கும் என்பதெல்லாம் மனப்பாடமாகிவிடும். கிராமப்புறப் பாதையின் முதல் மேடுகளை இப்போது கண்ணை மூடிக்கொண்டே ஓட்டுவேன்.

சேர்த்த காசை எதில் போடுவது என்பதில் எனக்கு உறுதியான கருத்து உண்டு. சஸ்பென்ஷன், டயர், அப்புறம்தான் எஞ்சின். கையில் காசு வந்ததும் எஞ்சினுக்கு ஓடுவது இயல்பு, வேகம் கண்ணுக்குத் தெரிகிற லாபம் ஆயிற்றே. ஆனால் பலமான எஞ்சின் ஜீப்பை மல்லாத்துகிற பலமும்தான். நல்ல சஸ்பென்ஷன் இருந்தால் இறங்கும்போது வண்டி துள்ளாது, துள்ளாத வண்டி கவிழாது. டயர் பிடிமானம் இருந்தால் மெதுவாகவே மலை ஏறலாம். ஜீப்புக்கு நான்கு சக்கர இழுவையும் வாங்கலாம். முன்சக்கரமும் இழுக்க ஆரம்பிக்கும்போது ஏற்றங்களின் குணமே மாறிவிடும். வண்டியைத் தேற்றிக்கொண்டே நாமும் தேறுவது இந்த விளையாட்டின் அழகு. எவ்வளவு தேற்றினாலும் விரல் தேறாமல் வண்டி போகாது என்பது அதைவிட அழகு.

வண்டி மாறினால் பாடமும் மாறும். மோட்டோகிராஸ் பைக் இலேசானது, குட்டையானது, தொட்டால் சுழலும். நீண்ட லாரி ஆடி அசைந்து திரும்பும். கயிற்றின்மேல் நடக்கும் கழைக்கூத்தாடி நீளக் கழியை ஏந்துவதற்கும் இதற்கும் காரணம் ஒன்றே: எடை நடுவிலிருந்து தள்ளித் தள்ளி இருந்தால் சாய்வது மெதுவாகும், சரிசெய்ய அவகாசம் கிடைக்கும். லாரி தரும் அவகாசம் பைக்கில் கிடையாது. அதனால்தான் பைக்கில் பழகிய விரலுக்கு லாரி சுலபமாக இருக்கிறது. தேற வேண்டும் என்று ஆசைப்படுபவருக்கு நான் முதலில் சொல்வது, கொஞ்ச நாள் பைக்கை எடுங்கள் என்றுதான்.

ஊர் மாறினாலும் அப்படித்தான். ஆர்க்டிக் பனியில் டயர் வழுக்கும், அழுத்தி ஒரு பயனும் இல்லை, தட்டித் தட்டித்தான் ஏற வேண்டும். நிலாவுக்குப் போனால் உடம்பே சிலிர்க்கும். நிஜ நிலாவின் ஈர்ப்பு பூமியில் இருப்பதில் ஆறில் ஒரு பங்குதான். விளையாட்டிலும் வண்டி எழும்பினால் இறங்க மனசில்லாமல் மிதக்கும். பூமியில் பழகிய விரல் அங்கே அவசரப்படும், ஒன்றுக்கு இரண்டாகச் சுழற்றிவிடும். தட்டிவிட்டுக் காத்திருக்க வேண்டும், காத்திருந்து திருத்த வேண்டும். அவ்வளவு நேரம் அந்தரத்தில் தொங்கிக்கொண்டு, கறுத்த வானத்துக்குக் கீழே ஜீப்பை மெல்லச் சாய்த்துக் குழியின் சரிவில் பதமாக இறக்கும்போது கிடைக்கும் நிறைவு இருக்கிறதே, அதற்காகவே இந்த விளையாட்டை எத்தனை வருஷம் வேண்டுமானாலும் ஆடலாம்.

இப்போது என்னைப் பிடித்திருப்பது ஒற்றைச் சக்கர வண்டி. பில்லைச் சுமக்க ஒரே ஒரு சக்கரம்! முன்னால் சாய்ந்தால் ஆக்சிலரேட்டரைக் கொடுத்துச் சக்கரத்தை அவருக்கு அடியில் கொண்டுவந்து நிறுத்த வேண்டும், பின்னால் சாய்ந்தால் விட வேண்டும், இல்லாவிட்டால் பிரேக் தொட வேண்டும். சும்மா நிற்பதுகூட ஓயாத வேலை. ஜீப்பில் கற்றது, பைக்கில் கற்றது, நிலாவில் கற்றது அத்தனையும் ஒவ்வொரு நொடியும் தேவைப்படுகிறது. கிராமப்புறப் பாதையில் அது எனக்கு ஓரளவு வசமாகிவிட்டது. அடுத்து அதை நிலாவுக்கு ஏற்றிப் போகப்போகிறேன். அக்கா மகனிடம் சொன்னேன். "நான் முதல்ல போயிடுவேன் மாமா, பாருங்க" என்கிறான். போகட்டும், பின்னாலேயே வருகிறேன்.