வாக்கெடுப்பு இல்லாத சபை

கடையநல்லூர்க்காரர்களுக்குத் திருவனந்தபுரம் அந்நிய ஊர் அல்ல. விமானம் ஏறவும் பெரிய வைத்தியத்துக்கும் செங்கோட்டை வழியாக மலை தாண்டிப் போகிறோம். தம்பானூர் பேருந்து நிலையத்தருகே செங்கல் கோபுரமாய்ச் சுழன்றேறும் இந்தியன் காபி ஹவுஸில் நம்மவர்கள் பலர் காபி குடித்திருப்பார்கள். உள்ளே படிக்கட்டே கிடையாது. சரிந்தேறும் தளம், அதிலேயே கட்டிவைத்த மேசைகள், காற்று வரச் செங்கல்லுக்குச் செங்கல் விட்ட துளைகள். அதை வடிவமைத்த லாரி பேக்கர் குவேக்கர் என்னும் கிறிஸ்தவச் சபையைச் சேர்ந்தவர். 1928இல் சென்னைக்கு ஆசிரியையாக வந்து, பிற்பாடு அந்தச் சபையில் சேர்ந்து, கோத்தகிரியிலும் வாழ்ந்த மார்ஜரி சைக்ஸும் குவேக்கர்தான். கட்டடமும் கல்வியும் தந்த இவர்களின் சபை நம் பக்கம் வேரூன்றவில்லை. ஆனால் அவர்கள் கூடி முடிவெடுக்கும் முறையை, ஜமாஅத்தும் ஊர்க்கூட்டமும் இன்றும் உயிரோடிருக்கும் நம் வட்டாரம் ஊன்றிப் பார்க்க வேண்டும் என்பது என் எண்ணம்.

1650களில் இங்கிலாந்தில் ஜார்ஜ் ஃபாக்ஸ் பரப்பிய குவேக்கர் நம்பிக்கை எளிமையானது: இறைவனின் ஒளி ஒவ்வொருவர் உள்ளத்திலும் இருக்கிறது, அதைக் காட்டித்தரப் பாதிரியார் தேவையில்லை. வழிபாட்டில் எல்லோரும் பேசாமல் அமர்ந்திருப்பார்கள். உள்ளம் உந்தினால் ஆணோ பெண்ணோ எழுந்து சில வார்த்தை சொல்லலாம். பெரிய மனிதர்களுக்குத் தொப்பி கழற்ற மறுத்ததற்கும், நீதிமன்றத்தில் சத்தியம் செய்ய மறுத்ததற்கும் அவர்கள் சிறை சென்றார்கள்.

நிர்வாகக் கூட்டமும் இதே அமைதியில்தான் நடக்கும். கை தூக்குவதோ வாக்குச்சீட்டோ இல்லை. ஒருவர் பேசி முடித்ததும் சற்று நேரம் யாரும் பேச மாட்டார்கள். பிறகே அடுத்தவர் எழுவார். கிளார்க் எனப்படுபவர் கூட்டத்தின் போக்கைக் கவனித்து, முடிவை அங்கேயே எழுதி, எல்லோர் முன்னிலையிலும் வாசிப்பார். வாசகம் தவறென்றால் அப்போதே திருத்தலாம். ஒருவருடைய மனக்குறையில் உண்மை இருப்பதாகத் தோன்றினால் விஷயம் அடுத்த கூட்டத்துக்குத் தள்ளிப்போகும்.

நம் ஊர்க்கூட்டத்தை நினைத்துப் பாருங்கள். குரல் ஓங்கியவர் இரண்டு முறை சொன்னால் அதுவே ஊர் முடிவு. ஓரத்தில் நிற்கும் வரி பாக்கிக்காரர் வாய் திறப்பதில்லை. மௌனம் சம்மதம் என்று கணக்கு முடிந்துவிடுகிறது. பெண்கள் பெரும்பாலும் அங்கே இருப்பதே இல்லை. முடிவு என்ன என்பதைக்கூட மறுநாள் டீக்கடையில் ஆளுக்கொரு விதமாகச் சொல்வார்கள். ஒற்றைக் குரலுக்கும் காது கொடுக்கும் குவேக்கர் முறை இங்கே நமக்கு மிகவும் தேவைப்படுகிறது. இந்திய அரசும் நாகா போராளிகளும் செய்துகொண்ட 1964 போர்நிறுத்தத்துக்குப் பின் நாகாலாந்தில் அமைதிப் பணியாற்றியவர்களில் மார்ஜரி சைக்ஸும் ஒருவர். பல தரப்பையும் பொறுமையாகக் கேட்க வேண்டிய அந்த வேலைக்கு இத்தகைய பயிற்சி வாய்த்தவர் போனது பொருத்தம் என்றே நினைக்கிறேன்.

ஆனால் இதே முறை ஒரு பெரும் அநீதிக்கு நீண்ட ஆயுளும் கொடுத்தது. 1688இல் பென்சில்வேனியாவின் ஜெர்மன்டவுனில் நான்கு பேர் அடிமைமுறையைக் கண்டித்து எழுதிக்கொடுத்தார்கள். சபையின் மாதக் கூட்டம் அதை மேலே காலாண்டுக் கூட்டத்துக்கு அனுப்பியது; அது ஆண்டுக் கூட்டத்துக்கு அனுப்பியது; ஆண்டுக் கூட்டம் முடிவெடுக்காமல் விட்டது. சபையின் செல்வந்தர்கள் பலர் அடிமைகளை வைத்திருந்தார்கள். பென்சில்வேனியாவை நிறுவிய குவேக்கர் வில்லியம் பென்னே வைத்திருந்தார். 1738இல் பெஞ்சமின் லே என்ற குள்ளமான மனிதர் கூட்டத்தின் நடுவே எழுந்து, புத்தகம்போல் செய்த உறைக்குள் ஒளித்திருந்த சிவப்புச் சாற்றை வாளால் குத்திச் சிதறடித்தார். அடிமை வைத்திருப்போர் கையில் படிந்த இரத்தம் அது என்றார். அவரைத்தான் சபை விலக்கியது. அடிமைகளை வாங்கி விற்பவர்களைச் சபைப் பொறுப்பிலிருந்து ஒதுக்க 1758 ஆயிற்று. அடிமை வைத்திருப்பதையே தடை செய்ய 1776 ஆயிற்று. முதல் மனுவிலிருந்து 88 ஆண்டுகள்!

அடிமைமுறையை எதிர்த்த குவேக்கர் ஜான் உல்மன் போன்றோர் வீடு வீடாகப் போய்ப் பேசி மனங்களை மாற்றியதால்தான் அந்த முடிவு சிதறாமல் நின்றது என்று குவேக்கர்கள் வாதாடுவார்கள். பாதி ஒப்புக்கொள்கிறேன். அப்படி வந்த முடிவு உறுதியாக நின்றது உண்மை. ஆனால் அந்தக் காத்திருப்பின் விலையைக் கொடுத்தவர்கள் அந்தக் கூட்டத்தில் உட்கார்ந்திருக்கவில்லை. அவர்கள் வயலில் வேலை செய்துகொண்டிருந்தார்கள். எல்லோரும் இசையும்வரை எதுவும் மாறாது என்ற விதி, ஏற்கெனவே வசதியாக இருப்பவருக்கே காவல் நிற்கிறது. பெஞ்சமின் லேயின் கூச்சலை அந்த அமைதியால் தாங்க முடியாமல் போனதும் அதனால்தான்.

ஆகவே அந்த முறையை முழுதாகக் கொண்டுவரச் சொல்ல மாட்டேன். பொதுக்கிணறு, சந்தனக்கூடு, கொடைவிழா வரவுசெலவு போன்றவற்றை எத்தனை கூட்டம் ஆனாலும் பேசித் தீர்க்கட்டும், அவசரமில்லை. ஒரு பெண்ணின் ஜீவனாம்சமோ ஒரு குடும்பத்தை ஊரைவிட்டு விலக்குவதோ வந்தால் ஒருமித்த கருத்துக்காகக் காத்திருக்கவே கூடாது. அங்கே நாட்டின் சட்டம் இருக்கிறது. கூட்டம் கலையுமுன் முடிவை எழுதி வாசித்து, ஆட்சேபத்தையும் பெயரோடு பதிவது மட்டும் உடனே வரலாம். அதற்கு ஒரு நோட்டும், நோட்டில் எழுதியதை மறுக்கும் உரிமையோடு பெண்களும் அமர்ந்த ஒரு கூட்டமும் போதும்.