‘ஜகாட்’: சுயாதீனப் படமும் மொழியும்

மலேசியத் தமிழ்த் திரைப்படத்தின் சுயாதீனம் பெரும்பாலும் முதலீட்டைக் கொண்டே அளக்கப்படுகிறது. சஞ்சய் குமார் பெருமாள் எழுதி இயக்கிய ‘ஜகாட்’ (2015), அதனை மொழியைக் கொண்டும் அளக்க வேண்டும் என்பதை உணர்த்துகிறது.

தீபக் குமாரன் மேனன் ‘செம்மண் சாலை’யில் (2005) தோட்டத்தையும், ‘சலங்கை’யில் (2007) பிரிக்பீல்ட்ஸ் நகர வாழ்வையும் காட்டினார். இவ்விரண்டிற்கும் இடைப்பட்ட புறம்போக்குக் குடியிருப்பைச் சஞ்சய் தம் களமாகக் கொண்டார். தோட்டத்தை இழந்தோர் 1990களின் தொடக்கத்தில் வாழ்ந்த வாழ்வு அது.

‘தீய’ எனப் பொருள்படும் மலாய்ச் சொல்லின் தமிழ்ப் பேச்சுத் திரிபே இப்படத்தின் தலைப்பு. உரையாடலில் இத்தகைய சொற்கள் விரவியிருப்பதைக் கொச்சை என்பார் உளர். இக்கருத்து நமக்கு உடன்பாடன்று. அப்பேச்சைத் திருத்தினால், அதனைப் பேசியோரின் வரலாறும் உடன் மறையும்.

2016ஆம் ஆண்டின் 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில், தேசிய மொழியல்லாத படங்களைத் தனிப்பிரிவில் ஒதுக்கியமைக்கு எதிர்ப்பெழுந்தது. பிரிவுகள் மாற்றியமைக்கப்பட்டபின், ‘ஜகாட்’ சிறந்த மலேசியத் திரைப்படமாகத் தேர்வுபெற்றது.

எனினும், கற்பனைவளம் மிக்க சிறுவன் அப்போயை இப்படத்தில் வீடும் பள்ளியும் புரிந்துகொள்வதில்லை. விருதுமேடை ஏற்ற அவன் மொழிக்கு நம் தமிழ் வகுப்பறையில் இடமுண்டா என்பதே ஆசிரியர்களாகிய நம்முன் உள்ள வினாவாகும்.