தொழிற்சாலை வாசலில் ஹாரூன் ஃபரோக்கி

ஆளில்லா விமானம், முகமறியும் கேமரா, செயற்கை நுண்ணறிவு என்று பேச்சு எழும்போதெல்லாம் ஜெர்மன் இயக்குநர் ஹாரூன் ஃபரோக்கியின் பெயரும் கூடவே வருகிறது. மனிதர் பார்ப்பதற்காக அல்லாமல் எந்திரம் தன் காரியத்தை முடிப்பதற்காக உருவாகும் பிம்பங்களை அவர் ‘செயற்பாட்டுப் பிம்பங்கள்’ என்று வகைப்படுத்தினார். அந்த ஒரு கருத்தாக்கத்தைப் பிடித்துக்கொண்டு, எந்திரப் பார்வையின் தீர்க்கதரிசி என்று அவரைக் கோட்பாட்டாளர்கள் மெச்சுகிறார்கள். இது அவரைச் சுருக்கும் பாராட்டு. 2014இல் இறக்கும்வரை அவர் உருவாக்கிய நூற்றுக்கும் மேற்பட்ட படைப்புகளை வரிசையாகப் பார்ப்பவருக்குப் புலப்படும் மையம் ஒன்றுதான்: உழைப்பு.

1944இல், அன்று ஜெர்மனி இணைத்துக்கொண்டிருந்த செக் நிலப்பகுதியில் பிறந்தவர்; தந்தை இந்தியர். 1966இல் பெர்லின் திரைப்படக் கல்லூரியின் முதல் அணியில் சேர்ந்தார். 1968இல் அரசியல் நடவடிக்கைகளுக்காக வெளியேற்றப்பட்டார். மறு ஆண்டு வந்த ‘அணைக்க முடியாத நெருப்பு’ படத்தில், வியட்நாமில் அமெரிக்கா வீசிய நாபாம் தீக்குண்டைப் பற்றிப் பேச உட்கார்ந்தவர் எரியும் சிகரெட்டைத் தன் கையிலேயே அழுத்திக்கொள்கிறார். சிகரெட்டின் வெப்பம் 400 டிகிரி, நாபாமுடையது 3000 டிகிரி என்கிறது பின்னணிக் குரல். பலரும் நினைவில் வைத்திருப்பது அந்தக் காட்சியை மட்டுமே. மீதிப் படமோ, டௌ கெமிக்கல் நிறுவனத்தின் வேதியியலாளர்களும் பொறியாளர்களும் தத்தம் சிறு பங்கை மட்டும் பார்த்தபடி அந்தக் கொடூரத்தைக் கூட்டாக உற்பத்தி செய்ததை இறுக்கமாக நடித்துக் காட்டுகிறது. வேலைப் பிரிவினைதான் அந்தப் படத்தின் கரு.

சக ஜெர்மன் இயக்குநர்களான ஃபாஸ்பிண்டரும் ஹெர்ஸாகும் வெண்டர்ஸும் திரைவிழாக்களில் கொண்டாடப்பட்ட எழுபதுகளில், ஃபரோக்கி தொலைக்காட்சிக்கும் வானொலிக்கும் எழுதியும் எடுத்தும் காலம் தள்ளினார். ‘ஃபில்ம்கிரிட்டிக்’ திரைப்பட இதழின் ஆசிரியர் குழுவில் இருந்தார். அப்படிச் சேர்த்த பணத்தில் உருவானதுதான் ‘இரு போர்களுக்கிடையே’ (1978). உலை வாயுவை வீணாக்காமல் ஆலைகளை ஒன்றோடொன்று பிணைத்த ஜெர்மன் எஃகுத் தொழில், அந்தப் பிணைப்பு நிற்காமல் இயங்கப் போரையே சந்தையாக நாடியதை அது விவரிக்கிறது. கனமான, முரட்டுப் படம்.

அவருடைய மகத்தான பருவம் 1983இல் தொடங்குகிறது. ‘ஒரு படம்’ மியூனிக் ஸ்டுடியோ ஒன்றில் பிளேபாய் இதழின் நடுப்பக்கப் புகைப்படத்துக்காக நடக்கும் நான்கு நாள் வேலையை 25 நிமிடத்தில் காட்டுகிறது. தச்சர்கள் அரங்கம் எழுப்புகிறார்கள், விளக்குகள் நகர்கின்றன, ஒரு பெண்ணின் உடல் அங்குலம் அங்குலமாகத் திருத்தப்படுகிறது. விமர்சனக் குரல் ஏதுமில்லை, தேவையுமில்லை. ‘வாழ்வு: மேற்கு ஜெர்மனி’ (1990) இன்னும் கூர்மையானது. காப்பீட்டு முகவர்கள், காவலர்கள், பிரசவம் பார்க்கப் பயில்பவர்கள் எனப் பலரும் வாழ்க்கையை ஒத்திகை பார்க்கிறார்கள்; இடையிடையே நாற்காலியையும் மெத்தையையும் எந்திரங்கள் அடித்து, அழுத்திச் சோதிக்கின்றன. மனிதரும் பண்டமும் ஒரே சோதனைக்கு உள்ளாவதை இவ்வளவு நிதானமாகச் சொன்ன படம் அந்தத் தசாப்தத்தில் வேறில்லை.

இவற்றுக்கு நடுவே நிற்கிறது ‘உலகின் பிம்பங்களும் போரின் கல்வெட்டும்’ (1988). 1944 ஏப்ரல் 4 அன்று அமெரிக்க விமானம் ஒன்று ஐ.ஜி. ஃபார்பன் வேதி நிறுவனத்தின் ஆலையைத் தேடிப் படமெடுத்தபோது நாஜிகளின் ஆஷ்விட்ஸ் வதைமுகாமும் பதிவாகிவிட்டது. ஆய்வாளர்கள் ஆலையைக் குறித்துக்கொண்டார்கள், முகாமைக் காணவில்லை. 1977இல் சிஐஏ ஊழியர்கள் இருவர் அதே படங்களைத் திரும்ப எடுத்துப் பார்க்கும்வரை அது யார் கண்ணிலும் படவில்லை. கேமரா தன் வேலையைச் செய்திருந்தது. முகாமைத் தேடும்படி யாரும் பணிக்கப்படவில்லை என்பதே ஃபரோக்கி எட்டும் பயங்கரமான முடிவு. பார்வையும் ஏவப்பட்ட வேலைதான்.

1995இல் ‘தொழிலாளர்கள் ஆலையை விட்டு வெளியேறுகிறார்கள்’ வந்தது. லூமியேர் சகோதரர்களின் கேமரா ஆலை வாசலில் நின்ற நாளிலிருந்து நூறாண்டு சினிமாவை அலசி, வாசலைத் தாண்டி உள்ளே போகச் சினிமா தயங்கியதைச் சான்றுகளோடு நிறுவுகிறது. அதன்பின் தொலைக்காட்சியில் இத்தகைய படங்களுக்கான இடம் சுருங்க, அவர் கலைக்கூடங்களுக்குப் போனார். இன்று புகழப்படுவது இந்தக் கட்டம்.

ஆனால் ‘கண்/எந்திரம்’ (2000–2003) தொடரே என் கட்சிக்குச் சாட்சி. வளைகுடாப் போரின் ஏவுகணைக் கேமராவை அவர் ஆலை எந்திரக்கையின் கேமராவுக்குப் பக்கத்தில் வைக்கிறார். போர்க்களத்தில் சிப்பாயும் ஆலையில் தொழிலாளியும் ஒரே நுட்பத்தால் விலக்கப்படுகிறார்கள். ‘தீவிர விளையாட்டுகள்’ தொடரில் அமெரிக்கச் சிப்பாய்களைப் போருக்குப் பழக்கும் மென்பொருளில் பொருள்களுக்கு நிழல் விழுகிறது. மனம் சிதைந்து திரும்பியவர்களுக்கான சிகிச்சை மென்பொருள் மலிவானது, அதில் நிழல் இல்லை. கூலிக்கணக்குப் பார்க்கத் தெரிந்தவரின் கண்ணில்தான் இது படும்.

கடைசி ஆண்டுகளில் அவர் போன திசையும் இதுவே. ‘ஒப்பிட’ (2009) ஆப்பிரிக்காவிலும் இந்தியாவிலும் ஐரோப்பாவிலும் செங்கல் செய்யும் கைகளையும் எந்திரங்களையும் அடுத்தடுத்து வைக்கிறது. 2011இல் மனைவி ஆன்ட்யே ஏமனோடு தொடங்கிய திட்டத்தில் பெங்களூர் உட்பட 15 நகரங்களில் பலர் உழைப்பை வெட்டில்லாத ஒரே ஷாட்டில், இரண்டு நிமிடத்துக்குள் படமாக்கினார்கள்.

எந்திரப் பார்வையைப் பற்றி எழுத ஃபரோக்கியைத் துணைக்கு அழைப்பவர்கள் அவருடைய முறையையும் ஏற்க வேண்டும். எந்திரம் தானாகப் பார்க்கக் கற்றதில்லை. குறைந்த கூலிக்கு, படம் படமாக, இது மரம், இது மனிதன் என்று குறியிட்டுக் கற்பித்தவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் உட்காரும் அறையில் கேமராவை நிறுத்தி, ஒரு வேலைநாள் முழுக்கப் பொறுமையாகப் படமெடுப்பவரே அவருடைய வாரிசு.